பாட்டிலைக் கழுவியவன் எழுதுவது

பெருமதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கும் சம்பந்தியம்மாள் அவர்களுக்கும் வணக்கம்.

இவ்விடம் யாவரும் நலம், அவ்விடம் அனைவரின் நலமறிய ஆவல் என்று தொடங்குவதுதான் முறை. அப்படித்தான் முதல் தாளில் எழுதினேன். ஆனால் இது முப்பத்துநான்கு வருடம் அச்சகத்தில் பிழை திருத்திய கை. உண்மையில்லாத வரியைக் கண்டால் என்னைக் கேட்காமலே அடித்துவிடுகிறது. ஆகவே அந்தத் தாளைக் கிழித்துவிட்டு இரண்டாவது தாளில் நேராக விஷயத்துக்கு வருகிறேன். இவ்விடம் நலம் இல்லை. உங்கள் மகள் வியாழக்கிழமை காலை பெட்டியோடு கிளம்பி உங்கள் வீட்டுக்கு வந்திருக்கிறாள். "அப்பா வீட்டுக்குப் போயிட்டு வரேன் மாமா" என்று செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள். எத்தனை நாள் என்று சொல்லவில்லை. கேட்கிற யோக்கியதை எனக்கு இல்லாததால் நானும் கேட்கவில்லை. பேருந்து நிலையம்வரை வருகிறேன் என்றேன். "வேணாம் மாமா, நீங்க ரெஸ்ட் எடுங்க" என்றாள். சம்பந்தி, ஓய்வுபெற்ற மனிதனிடம் ஓய்வெடுக்கச் சொன்னால் அதற்கு என்ன பொருள் என்று உங்களுக்குத் தெரியும். மூன்று நாளாக ஓய்வெடுத்துக்கொண்டிருக்கிறேன். கண் மூட முடியவில்லை.

போனில் சொல்லக்கூடாதா என்பீர்கள். போனை எடுத்தால் "சாப்பிட்டீங்களா, மழை உண்டா" என்பதற்கு மேல் எனக்கு நாக்கு புரளாது. போனில் சொன்னதைத் திரும்பப் படித்துத் திருத்தவும் வழியில்லை. என்ன நடந்தது என்று உங்கள் மகளும் உங்களிடம் சொல்லியிருக்க மாட்டாள். அடுத்தவரைப் பற்றிக் குறை சொல்லி உட்காருகிற பெண் இல்லை அவள். ஆகவே குற்றம் செய்தவனே வாக்குமூலம் கொடுத்துவிடுகிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் குடியிருப்பில் நான்கு மாடி, நாற்பது வீடு. என்னைப் பகல் முழுவதும் வீட்டுக்குள் வைத்துச் சமாளிக்க முடியாது என்று என் மனைவி முடிவுகட்டியதால், ஒன்றரை வருடம் முன்பு நான் குடியிருப்போர் சங்கத்துக்குச் செயலாளர் ஆனேன். தலைவர் ஒருவர் உண்டு. ஒலிவாங்கியைக் கையில் வாங்கினால் திருப்பித் தரமாட்டார் என்பதால் அவர் இல்லாத இடத்தில் எல்லோரும் அவரை மைக் என்றுதான் சொல்வார்கள். போன மாதம் மொட்டைமாடித் தொட்டியை ஆள் விட்டுக் கழுவினோம். நானே தொட்டிக்குள் தலையை விட்டுப் பார்த்து, மூலையில் இருந்த பாசியைச் சுட்டிக்காட்டி, திரும்பத் தேய்க்கச் சொல்லி, ஏணியிலிருந்து இறங்கி, அன்றே அறிவிப்பு எழுதி மின்தூக்கிக்குள் ஒட்டினேன். "நமது குடிநீர் தூய்மையானது. ஐயம் வேண்டா. இங்ஙனம், செயலாளர்." அந்த இடத்தில் "வேண்டா" போடுவதா, "வேண்டாம்" போடுவதா என்று அரை நாள் யோசித்தேன். தண்ணீரைப் பற்றி அரை நிமிடம் யோசிக்கவில்லை. அதற்குத்தான் இப்போது அனுபவிக்கிறேன்.

பதினைந்து நாள் கழித்து முதல் மாடியில் ஒரு அம்மாளுக்கு வயிற்றுப்போக்கு. அப்புறம் இரண்டாம் மாடியில் அண்ணன் தங்கை இருவருக்கும் வாந்தி. வெளியே வாங்கித் தின்றிருப்பார்கள் என்று நான் சொன்னேன். உங்கள் மகள் திங்கட்கிழமை காலையில் வேலைக்குக் கிளம்புமுன் எங்கள் சமையலறைக் குழாயின் வாயைப் பஞ்சால் துடைத்தாள், லைட்டரைப் பற்றவைத்துக் குழாயையே சுட்டாள். வீட்டைக் கொளுத்தப்போகிறாளோ என்று நான் வாளியைத் தேடினேன். தண்ணீரைச் சிறிதுநேரம் ஓடவிட்டு, ஒரு சின்ன பாட்டிலில் கழுத்துவரை பிடித்து, பனிக்கட்டிப் பெட்டிக்குள் வைத்து எடுத்துப்போனாள். அவள் வேலையே அதுதானே, ஊரார் வீட்டுத் தண்ணீரையெல்லாம் பரிசோதிக்கிறவள் சொந்த வீட்டுத் தண்ணீரைப் பரிசோதிப்பதில் எனக்கு என்ன வந்தது என்று இருந்துவிட்டேன். புதன்கிழமை சாப்பிடும்போது சொன்னாள்.

"மாமா, நம்ம தண்ணில கிருமி இருக்கு. சாக்கடை எங்கயோ கலக்குது. அது கலந்தாத்தான் இந்தக் கிருமி வரும்."

"தொட்டி கழுவி இன்னும் ஒரு மாசம் முடியலம்மா. நானே உள்ள எட்டிப் பாத்தேன்."

"தொட்டி சுத்தமா இருக்கலாம் மாமா. தொட்டிக்கு வர்ற தண்ணி? லிஃப்ட்ல இருக்கற நோட்டீஸை எடுத்துடுங்க. எல்லாரையும் கொதிக்க வெச்சுக் குடிக்கச் சொல்லுங்க. மத்த இடத்துலயும் எடுத்துப் பாத்துடறேன்."

பார்க்கலாம் என்றேன். எங்கள் அகராதியில் பார்க்கலாம் என்றால் மாட்டேன் என்று பொருள், அது அவளுக்கும் தெரியும். மறுநாள் காலையில் தலைவரிடம் போனேன். அவர் முகம் சுருங்கிவிட்டது. "ஒரு வீட்டுக் குழாய்ல புடிச்சிட்டு நாப்பது வீட்டைப் பயமுறுத்தலாமா சார்? நீங்களே ஒரு பாட்டில் புடிச்சிக் குடுங்க. செயலாளர் எடுத்தாத்தான் அது சங்கத்தோட பேச்சு" என்றார். சொல்லிவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று தொட்டியில் ஒரு டப்பா பிளீச்சிங் பவுடரையும் கொட்டச்சொன்னார். எனக்கு அது மிகவும் நியாயமான ஏற்பாடாகப் பட்டது. முட்டாளுக்கு எல்லாமே நியாயமாகத்தான் படும்.

உங்கள் மகள் குளிக்கப்போன நேரத்தில் அவளுடைய பையிலிருந்து ஒரு பாட்டிலை எடுத்தேன். எடுத்தேன் என்பதைத் திருடினேன் என்று திருத்திப் படியுங்கள். மூடியைச் சுற்றிக் காகிதம் கட்டியிருந்தது. பிரித்துப் பார்த்தால் அடியில் ஒரு சிட்டிகை வெள்ளைப் பொடி. இவ்வளவு பெரிய பரிசோதனைக் கூடம், ஒரு பாட்டிலைக் கழுவத் தெரியவில்லையே என்று எனக்கு அவமானமாகப் போய்விட்டது. மூன்று தடவை சோப்புப் போட்டுக் கழுவி, என்னுடைய துண்டால் உள்ளே வெளியே துடைத்து, பிளீச்சிங் வாடை குப்பென்று அடித்த தண்ணீரைத் தளும்பத் தளும்பப் பிடித்து, சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போய்ப் பரிசோதனைக் கூடத்து முன்மேசையில் சங்கத்தின் பெயரில் கொடுத்தேன். முன்மேசையில் இருந்த பெண் "எப்படி எடுத்தீங்க?" என்று கேட்டாள். "மிகவும் சுத்தமாக" என்றேன். எழுதிக்கொண்டாள். சனிக்கிழமை முடிவு வந்தது: "கொண்டுவரப்பட்ட நிலையில், மாதிரியில் கிருமி காணப்படவில்லை." ஆயிரக்கணக்கான பக்கங்களில் ஒற்றுப்பிழையைக் கூடத் தப்பவிடாத நான், "கொண்டுவரப்பட்ட நிலையில்" என்ற இரண்டு சொல்லை மட்டும் கண்ணால் பார்த்துவிட்டு மனதுக்கு அனுப்பாமல் விட்டேன்.

தண்ணீரில் கிருமி என்று உங்கள் மகள் சொன்ன செய்தி அதற்குள் கட்டடம் முழுவதும் பரவிவிட்டதால், ஞாயிற்றுக்கிழமை வண்டி நிறுத்துமிடத்தில் கூட்டம். பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அறுபது பேர். வரலாற்றில் முதல்முறையாகத் தலைவர் தாமாகவே ஒலிவாங்கியை இன்னொருவரிடம் கொடுத்தார், என்னிடம். உங்கள் மகள் மூன்றாவது வரிசையில் என் மனைவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். எனக்கு ஒரு முடிவு வந்திருக்கிறது என்பதே அவளுக்கு அப்போதுதான் தெரியும். நான் தாளை உயர்த்திக் காட்டி, உரக்கப் படித்து, அதோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. "என் மருமகள் தங்கமான பொண்ணு. ஆனா அங்க அவளுக்கு வேலை ஜாஸ்தி. நூறு பாட்டில்ல ஒரு பாட்டில் மாறிப்போறது சகஜம். யாரும் அவளைத் தப்பா நினைக்கவேணாம்" என்றேன். அன்பாகத்தான் சொன்னேன் சம்பந்தி, அதுதான் கொடுமை. திட்டியிருந்தால் அவள் எழுந்து பதில் சொல்லியிருப்பாள். எல்லோரும் திரும்பி அவளைப் பார்த்துப் பரிதாபமாகச் சிரித்தார்கள். அவள் மடியில் கையைக் கோத்துக்கொண்டு தரையைப் பார்த்தாள். கை தட்டினார்கள். எனக்கு அது சங்கீதமாகக் கேட்டது.

கூட்டம் கலையும்போது மூன்றாம் மாடி டிரைவர் வந்தார். பேருந்து ஓட்டுகிறவர், ஒரே ஒரு பெண் குழந்தை, நாலு வயது. "நல்லவேளை சார், மூணு நாளா கேன் தூக்கி முதுகு போச்சு. இனிமே பாப்பாவுக்குக் குழாய்த் தண்ணியே குடுக்கலாம்ல?" என்று கேட்டார். "தாராளமா குடுங்க" என்றேன். முப்பத்துநான்கு வருடத்தில் எத்தனையோ சொல்லை அடித்திருக்கிறேன். இந்த இரண்டு சொல்லை அடிக்க முடியவில்லை.

அன்று சாயங்காலம் சமையலறையில் உங்கள் மகள் பாத்திரம் துலக்கிக்கொண்டே கேட்டாள். குரலில் கோபமே இல்லை, சாதாரணமாகத்தான் கேட்டாள்.

"மாமா, என் பையில ஒரு பாட்டில் குறையுது. அதுலதான் எடுத்தீங்களா?"

"ஆமாம்மா."

"உள்ள வெள்ளையா கொஞ்சம் பொடி இருந்திருக்குமே?"

"ஒரே அழுக்கும்மா. மூணு தடவை கழுவினேன்."

தண்ணீர்க் குழாயை மூடிவிட்டு என் பக்கம் திரும்பினாள். "மாமா, அது அழுக்கு இல்ல. தண்ணில போட்ட பிளீச்சிங், பாட்டிலுக்குள்ள வந்த பிறகும் கிருமியைக் கொன்னுக்கிட்டே இருக்கும். அதை நிறுத்தறதுக்குத்தான் அந்தப் பொடி. அதைக் கழுவிட்டா, எங்க கைக்கு வர்றதுக்குள்ள எல்லாம் செத்துடும். சுத்தம்னுதான் ரிப்போர்ட் வரும்."

"அப்ப பிளீச்சிங் போட்டதால தண்ணியும் சுத்தமாயிடுச்சுன்னுதானே அர்த்தம்?" என்று கடைசியாக ஒரு கொம்பைப் பிடித்துத் தொங்கினேன்.

"அன்னிக்குக் கொஞ்ச நேரம் சுத்தமா இருந்திருக்கும். அடுத்த தடவை மோட்டார் போட்டதும் பழைய தண்ணிதானே வரும்? இன்னிக்கே எல்லார்கிட்டயும் சொல்லிடுங்க மாமா."

நாளைக்குச் சொல்கிறேன் என்றேன். என் கதையில் இந்த வாக்கியம்தான் எல்லாவற்றையும்விடக் கேவலமானது. பாட்டிலைக் கழுவினேன், அது அறியாமை. கூட்டத்தில் பேசினேன், அது கர்வம். இது வேறு. தெரிந்துகொண்டே வாயை மூடிக்கொண்டேன். திங்கட்கிழமை காலை அறிவிப்பைக் கிழிக்கத்தான் மின்தூக்கிக்குள் போனேன். நான்காம் மாடிக்காரர் ஏறினார், "நேத்து பிரமாதமா பேசினீங்க சார்" என்று கையைக் குலுக்கினார். ஒரு பக்கம் சரிந்திருந்த அறிவிப்பை நேராக ஒட்டிவைத்துவிட்டு வந்தேன். சாயங்காலம் உங்கள் மகள் கேட்டாள், சொல்லிவிட்டீர்களா என்று. "சரியான வாக்கியம் அமையலம்மா" என்றேன். அவள் என்னை ஒரு நொடி பார்த்தாள். பிறகு துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு தானே கிளம்பினாள். நாற்பது வீட்டுக் கதவையும் தட்டியிருக்கிறாள். கொதிக்க வைத்துக் குடியுங்கள், நான் சொல்வதைக் கேளுங்கள் என்று ஒவ்வொரு வாசலிலும் நின்று சொல்லியிருக்கிறாள். பாதிப் பேர், "உங்க மாமாவே மைக்ல சுத்தம்னு சொல்லிட்டாரேம்மா" என்று சிரித்துக்கொண்டே கதவைச் சாத்தியிருக்கிறார்கள். டிரைவர் வீட்டில் மட்டும் சிரிக்கவில்லை. குழந்தைக்கு மத்தியானத்திலிருந்தே காய்ச்சல் என்று சொன்னார்களாம்.

செவ்வாய்க்கிழமை காலை ஐந்தரை மணிக்குப் படிக்கட்டில் ஆள் ஓடுகிற சத்தம். கதவைத் திறந்தேன். டிரைவர் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு இறங்குகிறார், பின்னால் அவர் மனைவி ஒரு கையில் பை, ஒரு கையில் குழந்தையின் செருப்பு. குழந்தையின் தலை அவர் தோளில் நிற்காமல் ஆடியது. கண் பாதி திறந்திருந்தது, என்னைப் பார்க்கவில்லை, எதையுமே பார்க்கவில்லை. "என்னாச்சு" என்று கேட்க வாயெடுத்தேன், வரவில்லை. என்ன ஆயிற்று என்று அந்தக் கட்டடத்திலேயே உறுதியாகத் தெரிந்தவர்கள் இரண்டு பேர். அதில் ஒருத்தி எனக்குப் பின்னால் ஏற்கெனவே பனிக்கட்டிப் பெட்டியில் பாட்டில்களை அடுக்க ஆரம்பித்திருந்தாள்.

நான் பனியனோடு மொட்டைமாடிக்கு ஏறினேன். அறுபத்தாறு வயதில் நான்கு மாடியை அவ்வளவு வேகமாக ஏறியது நான்தானா என்று என் முழங்கால் இன்னும் கேட்கிறது. தொட்டியிலிருந்து வீடுகளுக்கு இறங்குகிற பெரிய வால்வைப் பிடித்துத் திருகினேன். அசையவில்லை. இரண்டு கையாலும் தொங்கினேன். கிறீச்சென்று சுற்றி முழுவதும் மூடிக்கொண்டது, அந்த வேகத்தில் கைப்பிடிச் சக்கரம் கழன்று என்னோடு வந்துவிட்டது. அது என் திட்டத்தில் இல்லை. ஆனால் அதற்கப்புறம் யார் நினைத்தாலும் திறக்க முடியாது என்று தெரிந்ததும் எனக்கு ஒரு நிம்மதி. சக்கரத்தை மடியில் வைத்துக்கொண்டு தொட்டிக்கு முன்னால் உட்கார்ந்தேன்.

ஆறரை மணிக்கு ஆரம்பித்தது. நாற்பது வீட்டிலும் ஒரே நேரத்தில் தண்ணீர் நின்றால் எப்படி இருக்கும் என்று நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள், பார்க்கவும் வேண்டாம். தலை முழுவதும் ஷாம்பு நுரையோடு ஒருவர் வந்தார், கண்ணைத் திறக்க முடியாமல் தொட்டியைத் தடவித் தடவி என்னைத் திட்டினார். வாயில் பற்பசையோடு வந்தவர் என்ன திட்டினார் என்றே தெரியவில்லை. தலைவர் ஒரு கன்னம் மழித்து மறு கன்னம் நுரையோடு வந்து, "சார், சக்கரத்தைக் குடுங்க. அஸோஸியேஷன் தீர்மானம் இல்லாம மூடறதுக்கு நீங்க யாரு?" என்று கத்தினார். சுற்றி முப்பது பேர். தொட்டிச் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தேன். சரியான வாக்கியத்துக்காக இரண்டு நாள் காத்திருந்தேன் அல்லவா, அது வரவேயில்லை. வந்தது இதுதான்: "தண்ணில சாக்கடை கலந்திருக்கு. என் மருமகள் சொன்னது சரி. நான் கொண்டுபோன பாட்டிலை நான்தான் கெடுத்தேன். அது எனக்கு ஞாயித்துக்கிழமை சாயங்காலமே தெரியும். சொல்லாம இருந்துட்டேன்."

ஷாம்புக்காரர் கண்ணைத் துடைத்துவிட்டு என்னைப் பார்த்தார். அப்போது கூட்டத்தின் பின்னாலிருந்து டிரைவர் முன்னால் வந்தார். குழந்தைக்கு மாற்றுத் துணி எடுக்க வந்தவர், சத்தம் கேட்டு மேலே ஏறியிருக்கிறார். சட்டையெல்லாம் வாந்திக் கறை. எனக்கு நேரே, ஒரு கை தூரத்தில் நின்றார்.

"எப்போலேர்ந்து தெரியும்னு சொன்னீங்க?"

"ஞாயித்துக்கிழமை சாயங்காலத்துலேர்ந்து."

"நான் உங்ககிட்ட கேட்டேன் சார். பாப்பாவுக்குக் குடுக்கலாமான்னு உங்ககிட்டதான் கேட்டேன்."

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருந்தால் தேவலை. "டிரிப்ஸ் ஏத்தறாங்க. உடம்புல தண்ணியே இல்லையாம். ஒண்ணுக்குப் போகணுமாம். போனாத்தான் கிட்னி தப்பிச்சதுன்னு சொல்லுவாங்களாம். இன்னும் போகல" என்றார். பிறகு கையை நீட்டினார். "அந்தச் சக்கரத்தை இப்படிக் குடுங்க. நீங்க யாராவது நல்ல வார்த்தை சொன்னா குடுத்துடுவீங்க. நான் குடுக்க மாட்டேன்." கொடுத்தேன். அதைப் பைக்குள் போட்டுக்கொண்டு மருத்துவமனைக்குப் போய்விட்டார். அதற்கப்புறம் தலைவர் உள்பட எல்லோரும் லாரித் தண்ணீர் வரும்வரை குடத்தோடு வரிசையில் நின்றார்கள்.

உங்கள் மகள் நான்கு பாட்டில் எடுத்தாள். தெருவிலிருந்து நகராட்சித் தண்ணீர் உள்ளே வருகிற குழாய் ஒன்று, தரைக்கடியில் இருக்கிற தொட்டி ஒன்று, மொட்டைமாடித் தொட்டி ஒன்று, வீட்டுக் குழாய் ஒன்று. நான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போனேன். "மாமா, பாட்டில் வாய்ப் பக்கம் மூச்சு விடாதீங்க" என்று ஒரு முறை சொன்னாள், அவ்வளவுதான் பேச்சு. பரிசோதனைக் கூடத்துக்கும் கூடவே போனேன். வீட்டுக்குப் போங்கள் என்றார்கள். போகவில்லை. நடைவழி பெஞ்சில் உட்கார்ந்தேன். பகல் முழுவதும் ஒரு கண் கதவின்மேல், ஒரு காது போன்மேல். கூடத்திலிருந்தும் செய்தி இல்லை, மருத்துவமனையிலிருந்தும் இல்லை. மாலையில் என் மகன் வந்து கையைப் பிடித்து வீட்டுக்கு இழுத்துப்போனான். விடிந்ததும் திரும்பி வந்து அதே பெஞ்சில் உட்கார்ந்தேன்.

பத்து மணிக்கு உங்கள் மகள் கதவைத் திறந்து கண்ணாடிச் சன்னல் அருகில் வரச்சொன்னாள். உள்ளே தாங்கியில் வரிசையாகச் சோதனைக் குழாய்கள். எல்லாவற்றிலும் முதல்நாள் ஊதா நிறச் சாறு ஊற்றியிருந்தாளாம். கிருமி இருந்தால் மஞ்சளாகும், உள்ளே கவிழ்த்துவைத்த குட்டிக் குழாயில் காற்றுக் குமிழ் கட்டும். நகராட்சித் தண்ணீர் வரிசை ஊதாவாகவே இருந்தது. மற்ற மூன்று வரிசையும் மஞ்சள், ஒவ்வொன்றிலும் ஒரு குமிழ். பொட்டுப்போல அவ்வளவு சின்னக் குமிழ். அதைப் பார்த்துக்கொண்டே நின்றேன். "வெளியிலேர்ந்து வர்ற தண்ணி நல்லா இருக்கு மாமா. கீழ்த்தொட்டிலதான் கலக்குது. உறுதிப்படுத்த இன்னொரு சோதனை இருக்கு, ஆனா அதுவரைக்கும் காத்திருக்க வேணாம். உடனே தோண்டச் சொல்லுங்க" என்றாள். நான் அப்போதே சொன்னேனே என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்வாள் என்று காத்திருந்தேன்.

பிளம்பர் வந்து கீழ்த்தொட்டிச் சுவரை ஒட்டித் தோண்டினார். இடுப்பளவு ஆழத்தில் கழிவுநீர்க் குழாயின் இணைப்பு பிளந்து, மண் கறுத்துக் கூழாகி, தொட்டிச் சுவரின் விரிசல் வழியாக உள்ளே கசிந்துகொண்டிருந்தது. மூக்கைப் பொத்திக்கொண்டு நாற்பது வீடும் சுற்றி நின்றது. அந்த நேரத்தில் என் போன் அடித்தது. டிரைவர். எடுக்கக் கை வரவில்லை. என் மனைவிதான் பிடுங்கிக் காதில் வைத்துவிட்டாள்.

"சார்," என்றார். அப்புறம் மூச்சு மட்டும் கேட்டது. "சார், ஒண்ணுக்குப் போயிட்டா சார். பெட்டெல்லாம் நனைச்சிட்டா."

நான் அதை அப்படியே உரக்கச் சொன்னேன், என்ன சொல்கிறேன் என்று தெரியாமல். குழியைச் சுற்றி நின்றவர்கள் விசிலடித்தார்கள் சம்பந்தி. தலைவர் என்னைக் கட்டிக்கொண்டார். பிளம்பர் குழிக்குள்ளிருந்து "யாருங்க? யாரு போனது?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார், யாரும் பதில் சொல்லவில்லை. நான் வண்டி நிறுத்துமிடத்துத் தூணைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.

குழாய் மாற்றி, விரிசல் பூசி, இரண்டு தொட்டியையும் கழுவி மருந்து போட்டு, உங்கள் மகள் மூன்று நாள் இடைவெளியில் இரண்டு தடவை எடுத்துப் பார்த்தாள். எல்லாம் ஊதா. அப்புறம்தான் டிரைவர் சக்கரத்தைத் தந்தார். குழந்தை ஒன்பதாம் நாள் வீட்டுக்கு வந்தாள். மெலிந்துபோய், கண் மட்டும் பெரிதாக இருக்கிறாள். படிக்கட்டில் என்னைக் கண்டால் டிரைவர் தலையசைப்பார், பேசுவதில்லை. அது அவருக்கு உரிமை. மின்தூக்கி அறிவிப்பை நானே கிழித்தேன். எல்லோரும் உங்கள் மகளைத் தேடிவந்து நன்றி சொன்னார்கள். நான் ஒருவன்தான் சொல்லவில்லை. நாற்பது வீட்டுக்கு முன்னால் தப்பு என்னுடையது என்று சொல்ல முடிந்த எனக்கு, ஒரே வீட்டுக்குள் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிடுகிறவளிடம், "கூட்டத்துல அப்படிப் பேசினது தப்பும்மா" என்று சொல்ல வாய் வரவில்லை. ஒரு நாள் துணிந்து தொண்டையைக் கனைத்து, "தண்ணி இப்ப நல்லா இருக்கும்மா" என்றேன். "ம்" என்றாள். அதற்குள் தைரியம் தீர்ந்துவிட்டது. அப்புறம் வியாழக்கிழமை பெட்டியோடு கிளம்பிவிட்டாள். என் மகனைக் கேட்டால், "போயிட்டு வருவா, விடுங்கப்பா" என்கிறான். அவன் வயதில் நானும் அப்படித்தான் எதையும் கவனிக்காமல் இருந்தேன்.

ஆகவே சம்பந்தி, அவளை அனுப்பிவையுங்கள் என்று கேட்க எனக்கு வாயில்லை. இந்தக் கடிதத்தை அவளிடம் கொடுங்கள். அவள் வேலையை அறுபது பேருக்கு முன்னால் சின்னதாக்கினேன், அவள் சொன்ன உண்மையை என் பெயருக்காக இரண்டு நாள் மறைத்துவைத்தேன். மன்னிக்கவேண்டும். இதில் திருத்த ஒன்றுமில்லை. செயலாளர் பதவியை எழுதிக்கொடுத்து விலகிவிட்டேன். இனி இந்த ஜென்மத்தில் தண்ணீர்ப் பாட்டில் எதையும் தொடுவதில்லை என்றும் உறுதி எடுத்திருக்கிறேன். அவள் எத்தனை நாள் வேண்டுமானாலும் அங்கே இருக்கட்டும். திரும்பி வந்தால் வாசலில் நிற்பேன், பேசாமல் நிற்கமாட்டேன்.

உங்கள் இருவருக்கும் என் பணிவான வணக்கம். உங்கள் மகளுக்கு என் ஆசி. அவளை ஆசீர்வதிக்கிற தகுதி வரும்வரை அதை நீங்களே வாங்கிவைத்திருங்கள்.

இப்படிக்கு,
தலை நிமிரமுடியாத,
உங்கள் சம்பந்தி

பின்குறிப்பு: உறையில் பசை தடவும் நேரத்தில் என் மனைவி வந்து கடிதத்தை வாங்கி முழுவதும் படித்துவிட்டு, "இதுல அவ கோவிச்சுக்கிட்டுப் போனதா எழுதியிருக்கீங்களே, அப்படின்னு யாரு சொன்னா உங்களுக்கு?" என்று கேட்டாள். உங்கள் மகள் தினமும் இவளோடு போனில் பேசுகிறாளாம். சம்பந்தியம்மாள் அவர்களுக்குப் பத்து நாளாக வயிறு சரியில்லை என்றும், நீங்கள் இருவரும் அதை யாருக்கும் சொல்லாமல் வைத்திருந்தீர்கள் என்றும், அது காதில் விழுந்ததும்தான் அவள் ஓடி வந்திருக்கிறாள் என்றும் எனக்கு இப்போதுதான் தெரியும். உங்கள் வீட்டுக் குழாயில் எடுத்ததில் இன்று காலை கிருமி தெரிந்துவிட்டதாம். உங்கள் தெரு முழுவதும் பரிசோதிக்க வேண்டுமாம், கூட ஆள் வேண்டுமாம். "மாமாவை அனுப்புங்க அத்தை. அவரை மாதிரி இனிமே யாரும் கவனமா எடுக்க மாட்டாங்க" என்றாளாம். உறுதி எடுத்ததை வாபஸ் வாங்கிக்கொண்டேன். ஆகவே இதைத் தபாலில் சேர்க்கவில்லை. நாளைக் காலை முதல் பேருந்தில் இருபது பாட்டிலோடு நானே வருகிறேன், அதுவரை கொதிக்கவைத்துக் குடியுங்கள். கடிதத்தை உங்கள் கையில் கொடுத்ததும் உங்கள் மொட்டைமாடித் தொட்டியைப் பார்க்கிற சாக்கில் மேலே போய்விடுவேன். நீங்களும் அவளும் படித்து முடித்ததும் கீழேயிருந்து ஒரு குரல் கொடுங்கள். உடனே கொடுக்கவேண்டாம்.